மயூர் விஹாரில் ஒரு முதல் நாள் படம்

நேயர்களுக்கு வணக்கம்.

தில்லி மயூர் விஹாரில் எங்கள் குடியிருப்பில் ஒரு மாமா இருக்கிறார். மத்திய அரசுப் பணியிலிருந்து ஓய்வு பெற்றவர். தீபாவளிக்கு வெளியான தமிழ்ப் படத்தை அன்று மாலையே பார்த்துவிட ஆசைப்பட்டு, வாட்ஸ்அப்பில் வந்த ஓர் இணைப்பைத் தொட்டார். செயலி ஒன்றை நிறுவச் சொன்னது, நிறுவினார். குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்டது; கொடுத்தார். கட்டணம் ஒரே ஒரு ரூபாய் என்று சொல்லி வங்கி அட்டை எண்ணைக் கேட்டது, அதையும் கொடுத்தார். படம் ஓடவில்லை. விடிவதற்குள் கணக்கிலிருந்த பணம்தான் ஓடியிருந்தது. ஓடிபி எண்ணை அந்தச் செயலியே படித்து அனுப்பிவிட்டது.

"சினிமா காட்டுகிறவனுக்கு உங்கள் குறுஞ்செய்தி எதற்கு மாமா?" என்று கேட்டேன்.

"படம் பார்க்கிற அவசரத்தில் அதையெல்லாம் யாரப்பா படித்தார்கள்?" என்றார்.

நான் வழக்கறிஞன். திருட்டுப் படங்களைத் தடுக்கும் சட்டத்தில் குறையில்லை என்றே சொல்வேன். தமிழ்நாட்டில் 2004-லேயே திருட்டு விசிடிக்காரர்களைக் குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்தார்கள். 2023-இல் திருத்தப்பட்ட ஒளிப்பதிவுச் சட்டத்தின்படி, திரையரங்கில் திருட்டுத்தனமாகப் படம் பிடித்தால் 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. அபராதம் 3 லட்ச ரூபாயில் தொடங்கி, படத்தின் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை போகலாம். திரையில் ஓடும் படத்தில் கண்ணுக்குத் தெரியாத குறியீடு வேறு உண்டு. எந்த அரங்கில், எந்த நேரத்தில் திருடப்பட்டது என்பதைத் திருட்டுப் பிரதியே காட்டிக் கொடுத்துவிடும்.

திருட்டுப் பட இணையதளங்கள், சிந்தும் ஒவ்வொரு துளி ரத்தத்திலிருந்தும் புதிதாகப் பிறக்கும் அசுரன் ரக்தபீஜன் வம்சம். ஒன்றை முடக்கினால் ஓரெழுத்து மாற்றிய பெயரில் அடுத்தது முளைக்கும். ஒவ்வொன்றுக்கும் புதுவழக்கு என்றால் தீர்ப்பு வருவதற்குள் படம் பழசாகிவிடும். அதனால் தில்லி உயர் நீதிமன்றம் 2019-இல் ஒரு வழி செய்தது: முடக்கிய தளத்தின் நகல்களையும் அதே உத்தரவில் சேர்த்துக்கொள்ளலாம்.

அப்படியும் ஏன் ஓயவில்லை? அந்தக் காலத்தில் தில்லியின் நிலத்தடிச் சந்தையான பாலிகா பஜார் படியிறங்கித் திருட்டு சிடி வாங்கியவர்களில் பாதிப் பேருக்காவது பணம் ஒரு பொருட்டே இல்லை. பார்க்க வேறு வழியில்லை. இன்றும் தில்லித் தமிழருக்கு வாய்ப்பது ஓரிரண்டு காட்சிகள். அதுவும் குருகிராமில் இரவு பத்தரைக்கு. படம் முடியும்போது மெட்ரோ ஓட்டம் நின்றிருக்கும். டாக்சிக்குக் கொடுப்பது டிக்கெட்டை விட அதிகம். என் கட்சிக்காரர்களான தயாரிப்பாளர்களிடம் இதைச் சொன்னால் முகம் சுளிக்கிறார்கள். மாலை ஆறு மணிக்கு மயூர் விஹார் பக்கத்தில் ஒரு காட்சி போட்டுப் பார்க்கட்டும். திருடனுக்குப் பாதி வியாபாரம் படுத்துவிடும்.

மாமா உடனே 1930 என்ற இணைய மோசடிப் புகார் எண்ணுக்குப் புகார் செய்ததால் பணத்தில் ஒரு பகுதியை நிறுத்தி வைக்க முடிந்தது. நான்கு வாரம் கழித்து அந்தப் படம் முறையாக ஓடிடியில் வந்தது. என் வீட்டில்தான் பார்த்தார். இடைவேளை வருவதற்குள் தூங்கிவிட்டார்.

வணக்கம்.