மீன்சந்தைத் திடலில் அமர்ந்தவர்கள்

அவையோருக்கு வணக்கம். உள்நாட்டுப் போரால் சிதைந்த மேற்கு ஆப்பிரிக்க நாடான லைபீரியாவில் 1997ஆம் ஆண்டிலேயே ஒரு தேர்தல் நடந்தது. போரைத் தொடங்கிய சார்லஸ் டெய்லருக்கே ஏறத்தாழ 75 விழுக்காடு வாக்குகள் விழுந்தன. அவர் தோற்றால் மீண்டும் துப்பாக்கி ஏந்துவார் என்ற அச்சமே பலரின் கையைப் பிடித்து அந்த வாக்கைப் போடவைத்தது. இரண்டே ஆண்டுகளில் போர் மறுபடியும் மூண்டது.

2005ஆம் ஆண்டுத் தேர்தல் அப்படி முடியவில்லை. இடையில் நிகழ்ந்ததைச் சொல்லவே வந்தேன். 2003இல் தலைநகர் மன்ரோவியாவில், டெய்லரின் வாகனங்கள் கடந்து செல்லும் சாலையோரம், மீன்சந்தையை ஒட்டிய திடலில் வெள்ளை உடுத்திய பெண்கள் போரை நிறுத்தக் கோரி வெயிலிலும் மழையிலும் நாள்தோறும் வந்து அமர்ந்தார்கள். லேமா குபோவி முன்னின்று திரட்டிய அக்கூட்டத்தில் கிறித்தவரும் முஸ்லிம்களும், சந்தை வியாபாரிகளும், வீடிழந்து முகாமில் தங்கியவர்களும் தோளோடு தோள் சேர்ந்திருந்தார்கள். கானா நாட்டின் அக்ராவில் போரிட்ட தரப்புகளின் அமைதிப் பேச்சுவார்த்தை இழுபட்டபோது, உள்ளே இருந்தவர்கள் முடிவு காணாமல் வெளியேறக் கூடாதென்று மண்டபத்தின் வாயிலை அவர்கள் மறித்தார்கள். கைது செய்ய வந்தவர்களின் முன் குபோவி தம் ஆடையைக் களைய முற்பட்டார். தாயாகிய பெண் அவ்வாறு செய்வது காண்போருக்குப் பெருஞ்சாபம் என்பது அம்மண்ணின் நம்பிக்கை. ஆகஸ்ட் 18 அன்று உடன்படிக்கை கையெழுத்தானது.

அக்ரா நிகழ்ச்சியைப் பலரும் வியந்து பேசுகிறார்கள். அதற்குப் பின் நடந்தது அதனினும் பெரிது என்பது என் எண்ணம். அப்பெண்கள் வீடு திரும்பி ஓய்ந்துவிடவில்லை. வாக்காளர் பதிவு தொடங்கியபோது, கடையை விட்டு அகல முடியாத சந்தைப் பெண்களிடம் சென்று, "நாங்கள் கடையைப் பார்த்துக்கொள்கிறோம், பிள்ளையையும் பார்த்துக்கொள்கிறோம், நீங்கள் போய்ப் பதிந்துவிட்டு வாருங்கள்" என்று அனுப்பிவைத்தார்கள். பதிவு செய்தவர்களில் ஏறத்தாழப் பாதிப் பேர் பெண்கள். அத்தேர்தலில் வென்ற எலன் ஜான்சன் சர்லீஃப், ஆப்பிரிக்காவில் தேர்தல்வழி நாட்டுத்தலைமை ஏற்ற முதல் பெண்மணியானார்.

ஊர்ப் பெரியோர் கூடி வழக்குத் தீர்க்கும் பழைய குடிசை மரபைத் தழுவி, பெண்கள் அமைதிக் குடில்களை நிறுவினார்கள். குடும்பச் சச்சரவு, நிலத் தகராறு, பெண்கள்மீதான வன்முறை ஆகியவை அங்கே பேசப்படுகின்றன. எனினும் ஆறாத புண் ஒன்று உண்டு. டெய்லருக்கு 2012இல் விதிக்கப்பட்ட 50 ஆண்டுச் சிறை, அண்டை நாடான சியரா லியோனில் நிகழ்ந்த குற்றங்களுக்கானது. தம் சொந்த மண்ணில் மாண்ட பிள்ளைகளுக்கான வழக்கை எந்தக் குடிலிலும் தீர்க்க அந்தத் தாய்மார்களால் இயலாது.