கல்லைக் கண்டால் புத்தரைக் காணோம்
(ஊர் நூலக மண்டபத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

பெருமதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, மகள் திருமண வேலைகளுக்கு நடுவிலும் வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் பேரூராட்சித் தலைவர் அவர்களே, எனக்கு ஏழாம் வகுப்பில் வரலாறு நடத்தி, இன்று என் பேச்சில் பிழை பிடிக்கவே வந்திருப்பதாகச் சற்று முன்பு காதோடு சொன்ன தலைமையாசிரியர் ஐயா அவர்களே, மண்டபத்தை வாடகையில்லாமல் தந்த நூலகர் அம்மா அவர்களே, ஒலிபெருக்கியை இரைச்சல் இல்லாமல் வைத்திருக்கும் தம்பி அவர்களே, தாய்மார்களே, நண்பர்களே, வணக்கம். பொன்னாடைக்குப் பதில் ஒரு நோட்டுப் புத்தகம் போதும் என்று சொல்லியிருந்தேன். இரண்டையும் தந்துவிட்டார்கள். நோட்டுக்கு வேலை இருக்கிறது, பிறகு சொல்கிறேன்.

கம்போடியாவில் கெமர் என்ற மக்களின் அரசர்கள் கட்டிய கோயில்களைப் பற்றி மூன்று செய்திகள் பேச வந்தேன்: மலை, நீர், கல்.

முதலில் மலை. கெமர் அரசன் பெரிய கோயில் கட்டினான் என்றால் மேரு மலையைக் கட்டினான் என்று பொருள். 802இல் இரண்டாம் ஜெயவர்மன் குலேன் மலையின் மேல் தன்னைச் சக்கரவர்த்தியாக அறிவித்துக்கொண்டான். பின்வந்தவர்கள் சமவெளிக்கு இறங்கினார்கள். அங்கே மலை இல்லை, ஆகவே அடுக்கினார்கள். 881இல் முதலாம் இந்திரவர்மன் பாகோங் என்ற ஐந்தடுக்குக் கோயிலில் லிங்கத்தை நிறுவினான். பன்னிரண்டாம் நூற்றாண்டில் இரண்டாம் சூரியவர்மன் திருமாலுக்கு எடுத்த அங்கோர் வாட்டில் ஐந்து கோபுரங்கள் ஐந்து சிகரங்கள், சுற்றியுள்ள அகழி கடல். நடுக் கோபுரத்தின் உயரம் தரையிலிருந்து 65 மீட்டர். இவ்வளவு பெரிய கோயிலில் கருவறை மட்டும் சிறியது. கல்லின் மேல் கல்லைச் சற்றே உள்நோக்கி நீட்டி நீட்டி அடுக்கிக் கூரையை மூடினார்கள். அந்த முறையில் அகலமான கூடம் வராது. அரண்மனைகூட மரத்தில்தான், எல்லாம் இற்றுப்போயின. கல் தெய்வத்துக்கு மட்டும்.

நீரைப் பிறகு பார்ப்போம். கல்லுக்கு வருகிறேன்.

கல்லைக் கண்டால் நாயைக் காணோம், நாயைக் கண்டால் கல்லைக் காணோம் என்பார்கள். நாய் அல்ல, நாயகன் என்று திருத்துவோரும் உண்டு. தலைமையாசிரியர் ஐயா தலையாட்டுகிறார்; அவர் நாயகன் கட்சி. எதுவானாலும் கல்லில் செதுக்கிய உருவத்தைப் பற்றிய பேச்சுதான். 967இல் குடமுழுக்குக் கண்ட பந்தியாய் ஸ்ரீ கோயிலில் கல்லின் இளஞ்சிவப்பு நிறத்தைப் பார்த்துக்கொண்டே எல்லோரும் உள்ளே போகிறார்கள். கிழக்கு வாயிலின் முகப்பில் சிவன் ஆடுகிறார். அவர் காலடியில், வற்றிய மார்பும் எலும்பு தெரியும் உடம்புமாக ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். நம் காரைக்கால் அம்மையார்! கல்லைக் கண்டவர்கள் அம்மையைக் காணவில்லை.

இப்போது அதே அங்கோரில் உள்ள பாபுவோன் என்ற கோயிலின் கதை. பதினோராம் நூற்றாண்டின் நடுவில் எழுந்த சிவன் கோயில் அது. உள்ளே மணலைக் கொட்டி, வெளியே கல்லை அடுக்கிய மலை. மழைக்கு மணல் நனைந்து கனத்துப் பக்கச் சுவர்களைத் தள்ளிக்கொண்டே இருந்தது. சரிந்ததைச் சீர்செய்ய 1960களில் பிரெஞ்சு வல்லுநர்கள் கோயிலைக் கல் கல்லாகப் பிரித்தார்கள். ஏறத்தாழ மூன்று லட்சம் கற்கள்! எண்ணிட்டு, எது எங்கே இருந்தது என்று ஏட்டில் எழுதி, சுற்றியுள்ள காட்டில் பரப்பி வைத்தார்கள். அந்த நேரம் பார்த்து உள்நாட்டுப் போர் வந்தது. வேலை நின்றது. 1975இல் கெமர் ரூஜ் என்ற பொதுவுடைமைப் படை தலைநகரைப் பிடித்தபோது ஏடுகள் அழிந்தன. கல் இருக்கிறது, கணக்கு இல்லை.

கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். சுண்ணாம்பு வைத்துப் பூசிய கட்டடம் என்றால் ஒரு கல்லுக்கு இன்னொன்றை வைத்து ஒப்பேற்றலாம். இங்கே சாந்தே இல்லை. ஒவ்வொரு கல்லும் பக்கத்துக் கல்லோடு இழைத்துப் பொருத்தியது, அதன் இடத்தில் அதுதான் உட்காரும். 1995இல் மறுபடி வந்தார்கள். காட்டில் பாசி படிந்து கிடந்த கற்களை ஒவ்வொன்றாக அளந்தார்கள். பழைய ஒளிப்படங்களை வைத்துக்கொண்டு, இந்தப் பூவின் பாதி இதில், மீதி எதில் என்று தேடினார்கள். ஒரு நாள் இரு நாள் அல்ல, 16 ஆண்டுகள். 2011இல் கோயில் திறந்தது.

அதன் மேற்குப் பக்கம் போய் நின்றால் வெறும் சுவராகத் தெரியும். அடுக்கிய கல், அங்கங்கே புடைப்பு. பின்னால் நகர்ந்து, இன்னும் நகர்ந்து பாருங்கள்: ஏறத்தாழ 70 மீட்டர் நீளத்தில் புத்தர் படுத்திருக்கிறார்! கோயில் கற்களையே எடுத்துப் பிற்காலத்தார் அமைத்தது. கல்லைக் கண்டால் புத்தரைக் காணோம். சீரமைத்தவர்கள் சிவன் கோயிலுக்காகப் புத்தரைக் கலைக்கவில்லை, இரண்டையும் காத்தார்கள். அதற்காகவே அவர்களைக் கும்பிடலாம்.

தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். நீரைப் பற்றி, மேற்கு பாராய் என்ற ஏரி 8 கிலோமீட்டர் நீளம் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன். ஏன் கல்லிலேயே நிற்கிறேன் என்று கேட்பீர்கள். தில்லைக் கோயிலில் 1114ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று உண்டு. காம்போஜ மன்னன், அதாவது கம்போடிய மன்னன், சோழ அரசருக்குக் காட்சியாகக் காட்டிய கல் ஒன்று அக்கோயிலில் வைக்கப்பட்டதாகச் சொல்கிறது. எழுத்து இருந்ததால் தெரிந்தது.

நான் பிறந்த ஊரில் ஒரு சிறு சிவன் கோயில். பெயர் வேண்டாம். திருப்பணி என்று பிரித்தார்கள். ஒரு கல்லுக்கும் எண் போடவில்லை, ஒரு படமும் எடுக்கவில்லை. போரும் இல்லை, புரட்சியும் இல்லை. அவசரம் மட்டும் இருந்தது. கருவறைச் சுவரில் நான் சிறுவனாகத் தடவிப் பார்த்த எழுத்து வரிகள் இன்று மடைப்பள்ளி வாசலில் தலைகீழாகப் படிக்கல். மேலே பாதம் கழுவுகிறார்கள். கல்லைக் கண்டவர்கள் எழுத்தைக் காணவில்லை.

நம் ஊர்ப் பெருமாள் கோயில் தை மாதம் திருப்பணிக்குப் பிரிக்கப்படும் என்று பேரூராட்சித் தலைவர் சற்று முன்பு மகிழ்ச்சியோடு அறிவித்தார். எனக்கும் மகிழ்ச்சிதான். அதற்குமுன் ஒவ்வொரு கல்லுக்கும் எண், ஒவ்வொரு எண்ணுக்கும் படம். ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு மேலை வாசலில் இந்த நோட்டோடு நிற்பேன். சுண்ணக்கட்டியும் அளவு நாடாவும் என் செலவு. ஏணி வைத்திருப்பவர்கள் மட்டும் கொண்டுவாருங்கள், மேல் வரிசை எனக்கு எட்டாது. வணக்கம்.