பிணம் எழும்போது வயலின் வேண்டாம்

வணக்கம் மக்களே, சாட்ஸ்வர்த்திலிருந்து பேசுகிறேன். டர்பன் முழுக்க மழை, கூரை மேல் அடிக்கிற சத்தம் உங்களுக்கும் கேட்கும். இன்றைக்குப் பேச வந்த படத்துக்கு இதைவிடப் பொருத்தமான ராத்திரி கிடைக்காது.

1985இல் வந்த 'தி ரிட்டர்ன் ஆஃப் த லிவிங் டெட்', டான் ஓபேனன் இயக்கியது. மருத்துவப் பொருள் கிடங்கில் ஒரு பீப்பாய் உடைந்து வாயு கசிகிறது, அங்கே கிடந்த பிணம் எழுந்துவிடுகிறது. அதை வெட்டி உலையில் எரிக்கிறார்கள். புகை மேகத்தில் கலந்து, மழையாகக் கல்லறைத் தோட்டத்தில் இறங்குகிறது. மண் பிளந்து செத்தவர்கள் வெளியே வரும்போது '45 கிரேவ்' என்ற பங்க் குழுவின் 'பார்ட்டி டைம்' பாட்டு வெடிக்கிறது. பங்க் என்றால் வேகமான, முரட்டுத்தனமான ராக் இசை.

வழக்கமான பேய்ப்பட வயலினாக இருந்தால் முன்னாடியே "பயப்படு" என்று காதில் ஓதியிருக்கும். பங்க் ஓதாது. அந்தக் குழுவின் பாடகி டைனா கேன்சர் செத்தவர்கள் பக்கம் நின்று கூப்பிடுகிறார். என் கால் தாளம் போடுகிறது, அதே நேரம் வயிறு கலங்குகிறது. படத்திலேயே பங்க் பிள்ளைகள் பாட்டுப் பெட்டியோடுதான் கல்லறைக்குப் போகிறார்கள், அதனால் இந்த இசை வெளியிலிருந்து ஒட்டவைத்ததாகத் தெரிவதில்லை. தி கிராம்ப்ஸ், தி டேம்ண்ட் குழுக்களின் பாட்டுகளும் உண்டு, தேடிக் கேளுங்கள்.

1989இல் மேரி லாம்பர்ட் எடுத்த 'பெட் செமட்டரி' படத்துக்கு ரமோன்ஸ் என்ற பங்க் குழு தனியாகவே ஒரு பாட்டுப் போட்டது. நல்ல பாட்டுதான், ஆனால் படம் முடிந்த பிறகு வருகிறது. என்னை உலுக்கியது அதே படத்தில் வரும் அவர்களுடைய பழைய பாட்டு 'ஷீனா இஸ் எ பங்க் ராக்கர்'. லாரிக்காரர் அதைக் கேட்டுக்கொண்டே வேகமாக வருகிறார். எதிரே சாலையை நோக்கி ஒரு குழந்தை ஓடுகிறது. பாட்டுக்கு ஒன்றும் தெரியாது, அது பாட்டுக்குச் சந்தோஷமாகப் பாடுகிறது. எனக்குத் தாங்கவில்லை.

சரி, முதல் படத்துக்கே வருகிறேன். அந்த வாயுவால் நஞ்சேறிய கிடங்கு ஊழியர் ஃபிராங்க் கல்யாண மோதிரத்தைக் கழற்றி, முத்தமிட்டு, உலையின் கைப்பிடியில் மாட்டிவிட்டு, தானே உள்ளே போகிறார். ராக்கி எரிக்சனின் 'பர்ன் த ஃபிளேம்ஸ்' மெதுவாக ஓடுகிறது. கிளேர் எஸ்டேட் சுடுகாட்டில் தாத்தாவை உள்ளே தள்ளி இரும்புக் கதவை மூடியபோது நான் பக்கத்தில் நின்றேன். அந்தக் கதவுச் சத்தம் இந்தப் பாட்டில் எங்கேயும் இல்லை. ஆனால் ஒவ்வொரு முறையும் எனக்குக் கேட்கிறது.