ஆப்பை அழிச்சாச்சு, ஆனா காசு போயிட்டே இருக்கு: ஆன்டாப் ஹில் அக்காவுக்குப் பதில்

சரி, அடுத்த கேள்விக்கு வருவோம். மும்பை ஆன்டாப் ஹில்லேர்ந்து ஒரு அக்கா குரல் பதிவா அனுப்பியிருக்காங்க. பின்னாடி கிரைண்டர் ஓடுற சத்தம், அதனால ரெண்டு தடவை கேட்டு எழுதி வச்சிருக்கேன். வாசிக்கிறேன்.

“தம்பி, எங்க வீட்டுக்காரர் சைக்கிள்ல இட்லி வியாபாரம். காசெல்லாம் ஸ்கேன் பண்ணித்தான் வருது. போன மாசம் ஜாதகம் பாக்குற ஆப் ஒண்ணைப் பையன் அவர் போன்ல போட்டுக் குடுத்தான், ஒரு ரூபாதான்னு சொன்னான். இந்த மாசம் 5ஆம் தேதி 499 ரூபா போயிருக்கு. ஆப்பை அப்பவே அழிச்சாச்சு. பின் நம்பரையும் மாத்திட்டோம். இன்னும் எடுப்பானா? போன காசு வருமா? பேசாம அந்த அக்கவுன்டையே மூடிரவா?”

அக்கா, முதல்ல பையனைத் திட்டாதீங்க. தாராவியில 90 அடி ரோட்டுல கடை வச்சிருக்கிற நானே இதுல மாட்டியிருக்கேன். அதைப் பின்னாடி சொல்றேன்.

ஆப்பை அழிக்கிறது வேற, காசு எடுக்கிற அனுமதியை அழிக்கிறது வேற. பால் வேண்டாம்னா பாத்திரத்தை வாசல்லேர்ந்து உள்ள எடுத்து வச்சிட்டாப் போதுமா? பால்காரர்கிட்ட சொல்லணும்ல? சொல்லாம இருந்தா மாசக் கடைசியில கணக்கு வரத்தான் செய்யும். அந்த மாதிரிதான். பின் மாத்தினதும் இதுக்கு உதவாது. ஏன்னா முதல் தடவை அனுமதி குடுக்கும்போது மட்டும்தான் பின் கேட்கும். அதுக்கப்புறம் மாசாமாசம் எடுக்கிறப்போ, 15,000 ரூபா வரைக்கும், பின் கேட்காமலேயே போகும். விதியே அப்படித்தான். அதனால உங்க முதல் கேள்விக்குப் பதில்: ஆமா, இன்னும் எடுப்பான். இன்னைக்கே நிறுத்துங்க.

அந்த ஒரு ரூபா ஸ்கிரீன்ல என்ன இருக்குன்னு சொல்றேன். போன வாரம் ஒரு பையன் இதே மாதிரி ஒரு ஆப்போட வந்தான். பின் போடுறதுக்கு முன்னாடி நிறுத்தி, “இதை வாசிடா”ன்னேன். மேல பெரிய எழுத்துல 1 ரூபா. கீழ, நகத்தளவு எழுத்துல, அதிகபட்சம் 1,499 ரூபா வரைக்கும். எப்போ எப்போ எடுப்பாங்கன்னு ஒரு வரி இருக்கும், அதுல ‘மன்த்லி’ன்னு இருக்கும்னு பாத்தா, ‘ஆஸ் பிரசன்டட்’னு இருக்கு. அப்படின்னா அவங்க எப்போ பில்லை நீட்டுறாங்களோ அப்போ. முடியுற தேதி பத்து வருஷம் தாண்டி. பையன் பார்த்தது அந்த ஒரு ரூபாயை மட்டும்தான். வங்கிக்காரங்க பார்த்தது கீழ இருக்கிற வரிகளை. அவன் போட்ட பின் நம்பர்தான் அந்த வரிகளுக்குக் கையெழுத்து. இதுக்குப் பேர் மேண்டேட், நாம வழக்கமா ஆட்டோபேங்கிறோம்.

இப்போ போனைக் கையில எடுங்க. எந்த ஆப்ல பின் போட்டானோ, ஃபோன்பேயோ, கூகுள் பேயோ, பேடிஎம்மோ, முதல்ல அதுலதான் பாக்கணும். மூணு ஆப் வச்சிருக்கிறவங்க ஒண்ணுல தேடிட்டு “ஒண்ணுமே இல்லையே”ன்னு நிம்மதியாப் போயிடுறாங்க. மேல மூலையில உங்க படமோ எழுத்தோ இருக்கும், அதைத் தொட்டு உள்ள போனா ‘ஆட்டோபே’ன்னு ஒரு இடம் இருக்கும். பேர் ஆப்புக்கு ஆப் கொஞ்சம் மாறும். அங்க அந்த ஜாதகக் கம்பெனி பேர் நிக்கும். ஆப்போட பேரே இருக்கணும்னு இல்ல, கம்பெனியோட பதிவுப் பேர் வேற ஏதோ பிரைவேட் லிமிடெட்னு இருக்கலாம். தொகையையும் தேதியையும் வச்சுக் கண்டுபிடிங்க.

அழிக்கிறதுக்கு முன்னாடி ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்குங்க. அதுல யூஎம்என்னு ஒரு நீளமான நம்பர் இருக்கும். அதுதான் அந்த அனுமதியோட நம்பர், பின்னாடி புகார்னு போனா அதைத்தான் கேப்பாங்க. அப்புறம் ‘பாஸ்’னு இருக்கிறதைத் தொடாதீங்க, அது தற்காலிகமா நிறுத்துறது. ‘கேன்சல்’ இல்லேன்னா ‘ரிவோக்’னு இருக்கிறதைத் தொடுங்க. பின் கேட்டா புதுப் பின்னைப் போடுங்க. பயப்படாதீங்க, இதுல காசு போகாது.

ரெண்டாவது கேள்வி, போன காசு. நிறைய பேர் இங்கதான் குழம்பிப் போறாங்க. கேன்சல் பண்றது இனிமே போறதைத்தான் நிறுத்தும். போனதைத் திருப்பிக் குடுன்னு தனியாக் கேக்கணும். யார்கிட்ட கேக்கணும்ங்கிறது, காசு எந்த வழியாப் போச்சுங்கிறதைப் பொறுத்தது.

பையனோட மெயில்ல தேடச் சொல்லுங்க. கூகுள் பிளேலேர்ந்து ரசீது வந்து, ஆர்டர் நம்பர் ‘ஜிபிஏ’ன்னு ஆரம்பிச்சா பிளே ஸ்டோர் வழியாப் போயிருக்கு. பையன் போட்டுக் குடுத்தான்னு சொல்றீங்க, அப்போ அது அவன் மெயில் ஐடியில இருக்கவும் வாய்ப்பு இருக்கு. பிளே ஸ்டோர்ல வலது பக்க மூலையில படத்தைத் தொட்டா எத்தனை ஐடி போன்ல இருக்குன்னு காட்டும். ஒவ்வொண்ணா மாத்தி, ‘பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்’ உள்ள பாருங்க. என் கடைக்கு வர்ற பத்துல ஆறு பேருக்கு இந்த இடத்துலதான் விஷயம் முடியும். அப்பா ஐடியில தேடுவாங்க, சந்தா மக ஐடியில உக்காந்திருக்கும். அங்கேயும் கேன்சல் பண்ணிடுங்க, ஆட்டோபேயை மட்டும் அழிச்சுட்டு விட்டா, “பணம் வரலை, வேற வழி குடு”ன்னு நச்சரிச்சுட்டே இருக்கும்.

பிளே ஸ்டோர் வழின்னா 48 மணி நேரம்ங்கிறது முக்கியம். காசு போன 48 மணி நேரத்துக்குள்ள கேட்டா கூகுள்கிட்டயே ரீஃபண்ட் கேக்கலாம், அவங்க பாத்து முடிவு பண்ணுவாங்க. அது தாண்டிட்டா ஆப்பைச் செஞ்ச கம்பெனிகிட்ட நேரா கேளுன்னு சொல்வாங்க. நீங்க 5ஆம் தேதி காசு போனதா சொல்றீங்க, பதிவு எனக்கு 11ஆம் தேதி வந்திருக்கு. அப்போ உங்களுக்கு ரெண்டாவது வழிதான். ஐபோன் வச்சிருக்கிறவங்களுக்கு வேற இடம்: ‘ரிப்போர்ட் எ ப்ராப்ளம் டாட் ஆப்பிள் டாட் காம்’. அதுல உள்ள போய், எந்தத் தொகை, என்ன காரணம்னு தேர்ந்தெடுத்து அனுப்பணும். பணம் ‘பெண்டிங்’ல இருக்கும்போது கேக்க விடாது, முடிஞ்ச பிறகு கேளுங்க.

ஜிபிஏ நம்பர் ரசீதே இல்லேன்னா, உங்க கேஸ் அப்படித்தான்னு எனக்குத் தோணுது, ஏன்னா ஒரு ரூபா சோதனைங்கிறது பெரும்பாலும் கம்பெனியே நேரா ஆட்டோபே வாங்குற வேலை. அப்போ கூகுள்கிட்ட போய்ப் பிரயோஜனம் இல்ல. கம்பெனிக்கு மெயில் எழுதுங்க. மெயில் ஐடியை பிளே ஸ்டோர்ல அந்த ஆப்போட பக்கத்துலயே கீழ போட்டிருப்பாங்க, அங்கேர்ந்து மட்டும் எடுங்க.

என்ன எழுதணும்? கதை எழுதாதீங்க. “என் கணக்கிலிருந்து 5ஆம் தேதி 499 ரூபாய் எடுக்கப்பட்டது. ஒரு ரூபாய் சோதனை முடிந்ததும் இவ்வளவு எடுக்கப்படும் என்று தெளிவாகக் காட்டப்படவில்லை. ஆப்பைப் பயன்படுத்தவில்லை, அன்றே அழித்துவிட்டோம். ஆட்டோபேயையும் ரத்து செய்துவிட்டோம். முழுத் தொகையையும் திருப்பித் தரவும்.” இதுகூட யூஎம்என், பணம் போனதுக்கு அடையாளமா இருக்கிற 12 இலக்க யூடிஆர் நம்பர், ரெண்டு ஸ்கிரீன்ஷாட். அவ்வளவுதான். ‘பயன்படுத்தவில்லை’ங்கிற வார்த்தைக்கு மதிப்பு ஜாஸ்தி, உண்மையா இருந்தா மட்டும் எழுதுங்க. அவங்க கிட்ட பதிவு இருக்கும்.

என் கதைக்கு வர்றேன். வீடியோ எடிட் பண்ற ஆப் ஒண்ணு, இந்த சேனலுக்காகத்தான், மூணு நாள் இலவசம்னு போட்டேன். பிடிக்கலை, அழிச்சேன். நாலாம் நாள் வருஷ சந்தா 1,799. ஊருக்கெல்லாம் சொல்லித் தர்றவன் நான்! வெட்கத்துல ஒரு வாரம் யார்கிட்டயும் சொல்லலை, அந்த ஒரு வாரத்துல 48 மணி நேரம் போயே போச்சு. கம்பெனிக்கு எழுதினேன். முதல் மெயிலுக்குப் பதிலே இல்ல. ரெண்டாவதுல கூப்பன் தர்றேன்னாங்க. மூணாவதுல நுகர்வோர் ஹெல்ப்லைனுக்குப் போறேன்னு எழுதினேன், பாதி வந்துச்சு. முழுசு வரலை. அதனால உங்க 499 வந்தே தீரும்னு சத்தியம் பண்ண மாட்டேன். ஆனா கேக்காதவங்களுக்குக் கண்டிப்பா வராது.

அந்த ஹெல்ப்லைன் நம்பர் 1915. தமிழ்லயே பேசலாம். 2023 நவம்பர்ல மத்திய அரசு ‘டார்க் பேட்டர்ன்’னு 13 வகை ஏமாத்து வேலைகளைப் பட்டியல் போட்டுத் தடை பண்ணியிருக்கு. அதுல ஒண்ணு ‘சப்ஸ்கிரிப்ஷன் டிராப்’, உள்ள வர ஒரு கிளிக், வெளிய போக வழியே தெரியாம மறைச்சு வைக்கிறது. புகார்ல இந்த வார்த்தையை அப்படியே சொல்லுங்க.

பேங்குக்குப் போலாமான்னா, யோசிச்சுப் போங்க. “நான் பண்ணவே இல்லை, திருட்டு”ன்னு எழுதிக் குடுத்தா, அவங்க கணினியில உங்க பின் போட்ட பதிவு நிக்கும், புகார் அங்கேயே செத்துடும். ரெண்டு விஷயத்துக்கு மட்டும் பேங்கைப் பிடிங்க. ஒண்ணு, நீங்க ரத்து பண்ணினதுக்கு அப்புறமும் காசு போனா. ரெண்டு, எடுக்கிறதுக்கு 24 மணி நேரம் முன்னாடி தகவல் வரணும்ங்கிறது ரிசர்வ் வங்கி விதி, அது வரவே இல்லேன்னா. 30 நாள்ல பேங்க் பதில் தரலை, இல்ல தந்த பதில் சரியில்லைன்னா பேங்க் மேல வர்ற புகாரை விசாரிக்கிற ரிசர்வ் வங்கி ஓம்புட்ஸ்மேன் இருக்கு, 14448ல விசாரிக்கலாம்.

ஆனா அக்கா, அந்த 24 மணி நேரத் தகவல் உங்களுக்கு வந்திருக்கும்னுதான் நான் நினைக்கிறேன். வீட்டுக்காரர் போனை எடுத்து 4ஆம் தேதி மெசேஜைப் பாருங்க. காலையில ஆறு மணிலேர்ந்து 20 ரூபா வரவு, 30 ரூபா வரவு, 40 ரூபா வரவுன்னு எண்பது மெசேஜ் இருக்கும். அதுக்கு நடுவுல ஒண்ணு, 499 நாளைக்கு எடுக்கப்படும்னு. சட்னி ஊத்துற கையோட அதை யார் வாசிப்பா? தகவல் குடுத்தாச்சுன்னு அவங்க கணக்கு, பார்க்கலைன்னு நம்ம கணக்கு.

இன்னொண்ணு, அவசரம். காசு போன கோபத்துல “அந்த ஆப் கஸ்டமர் கேர் நம்பர்”னு கூகுள்ல தேடாதீங்க. முதல்ல வர்ற நம்பரே போலியா இருக்கலாம். “ரீஃபண்ட் அனுப்புறேன், இந்த லிங்க்கைத் தொடுங்க, பின் போடுங்க”ம்பான். காசு வாங்குறதுக்கு யாருக்கும் பின் போட வேண்டியதே இல்ல. போன மாசம் எங்க சந்துலயே ஒருத்தர் 299ஐத் திரும்ப வாங்கப் போய் 18,000 விட்டுட்டு வந்தார். அப்படி ஆயிடுச்சுன்னா உடனே சைபர் மோசடிப் புகார் நம்பர் 1930க்கு அடிங்க, ஒரு டீ குடிச்சிட்டு அடிக்கலாம்னு உக்காராதீங்க.

கடைசியா, அக்கவுன்டை மூடவா? வேணாம். சைக்கிள் பெட்டியில ஒட்டியிருக்கிற கியூஆர் ஸ்டிக்கர் அந்த அக்கவுன்டுக்குத்தான் போகும். மூடினா நாளைக்குக் காலையில சயான் ஸ்டேஷன் வாசல்ல ஸ்கேன் பண்றவங்களுக்கெல்லாம் ஃபெயில்னு வரும், இட்லி கையில, காசு காத்துல. வியாபாரக் கணக்கு அப்படியே இருக்கட்டும், அதுல எந்த ஆட்டோபேயும் வேண்டாம். பையனுக்கு ஆப் பழக்கம் இருக்குன்னா, ஐநூறு ரூபா மட்டும் போட்டு வைக்கிற மாதிரி அவன் பேர்ல ஒரு தனிக் கணக்கு, அதுல என்ன வேணா பண்ணட்டும்.

அந்த ஆட்டோபே பக்கத்துல ஜாதக ஆப்போட சேத்து வேற ஏதாவது பேர் நிக்குதான்னும் பாத்துட்டு எனக்குச் சொல்லுங்க. ஒண்ணு தேடப் போனா பெரும்பாலும் மூணு மாட்டும்.