மேல்முறையீட்டுக்கு வர முடியாதவர் என்ன செய்வார்?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

கீழ் நீதிமன்றங்கள் அதே தவறைத் திரும்பத் திரும்பச் செய்தால், உச்ச நீதிமன்றம் தீர்ப்பை மட்டும் திருத்தினால் போதுமா, அந்த வழக்கத்திலேயே கை வைக்க வேண்டுமா என்பது தலைப்பு. எதிரணித் தோழி நன்றாகவே பேசினார். நீதிபதியும் மனிதர்தான், தவறு வரும், அதற்குத்தானே மேல்முறையீடு என்றார். முதல் தவறுக்குச் சரி. நூறாவது தவறுக்கும் அதே பதில்தானா?

இணையத்தில் பிறரைப் புண்படுத்தும்படி எழுதினால் தண்டிக்கலாம் என்ற, தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ பிரிவைப் பாருங்கள். 2015 மார்ச் 24 அன்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. செத்துப்போன பிரிவு. ஆனால் அதில் இன்னும் வழக்குகள் நடக்கின்றன என்று 2021இல் மனு வந்தபோது உச்ச நீதிமன்றமே அதிர்ந்துபோனது. இந்தப் பிரிவில் யார் மீதும் வழக்கு நடத்தக்கூடாது என்று 2022 அக்டோபரில் மறுபடியும் உத்தரவு போட வேண்டியிருந்தது. எஃப்ஐஆர் போட்டது போலீஸ், ஒப்புக்கொள்கிறேன். குற்றப்பத்திரிகையைக் கோப்பில் ஏற்று வாய்தா போட்டது யார்? உச்ச நீதிமன்றம் அறிவிக்கும் சட்டம் நாட்டிலுள்ள எல்லா நீதிமன்றங்களையும் கட்டுப்படுத்தும் என்று அரசியல் சாசனத்தின் 141ஆவது பிரிவு சொல்கிறது. சொல்லிக்கொண்டே இருக்கிறது, பாவம்.

இதைவிடக் கனமானது ரிமாண்ட், அதாவது கைதானவரைக் காவலில் வைக்கும் உத்தரவு. மாலையில் ஒருவரை மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்துகிறார்கள். அச்சடித்த படிவம், நிரப்பிய பெயர், ஒரு கையெழுத்து, பதினைந்து நாள். ஏன் கைது, ஏன் காவல் என்ற கேள்வியே எழவில்லை. ஏழாண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் இப்படி எந்திரம்போல் காவலில் வைக்கக்கூடாது என்று அர்னேஷ் குமார் வழக்கில் 2014இலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. காரணம் எழுதாமல் ரிமாண்ட் செய்யும் மாஜிஸ்திரேட் மீது உயர் நீதிமன்றம் துறை நடவடிக்கை எடுக்கலாம் என்றும் சேர்த்தது. அப்புறம் எட்டு வருஷம் கழித்து, சதேந்தர் குமார் அன்டில் வழக்கில் கிட்டத்தட்ட அதையே மறுபடி எழுதினார்கள். அந்த 2022ஆம் ஆண்டு முடிவில் நம் சிறைகளில் இருந்த நான்கு பேரில் மூன்று பேர் விசாரணைக் கைதிகள்.

இவர்களுக்கா மேல்முறையீடு? அதற்கு வக்கீல் வேண்டும், பணம் வேண்டும், டெல்லி வரை ஆள் வேண்டும். பதினைந்து நாள் ரிமாண்டை எதிர்த்து அவர் அங்கே போய்ச் சேர்வதற்குள் ரிமாண்டே முடிந்திருக்கும். திருத்தம் கிடைப்பது போய்ச் சேர்ந்தவருக்கு மட்டும். படிவம் மட்டும் அப்படியே இருக்கிறது, அடுத்தவர் பெயருக்காக.

எதிரணி ஒரு சம்பவத்தைச் சொல்லிக் கைதட்டல் வாங்கியது. 2025 ஆகஸ்டில் அலகாபாத் உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவருக்கு, ஓய்வு பெறும்வரை குற்ற வழக்குகளே தரக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டு, நான்கே நாளில் அதைத் திரும்பப் பெற்றது. அதை நான் தாங்கிப் பிடிக்கப்போவதில்லை. யாருக்கு எந்த வழக்கு என்பது உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியின் வேலை. ஆனால் திரும்பப் பெற்ற உத்தரவையும் தோழி முழுதாகப் படித்திருக்கலாம். சட்டத்தின் ஆட்சியே பாதிக்கப்படும்போது நாங்கள் தலையிட வேண்டிவரும் என்று அதிலேயே இருக்கிறது. அதிகாரத்தைக் கீழே வைக்கவில்லை, நடுவர் அவர்களே, வாளை மட்டும் உறையில் போட்டார்கள்.

நாங்கள் கேட்பதும் வாளை இல்லை. 2023இல், ஜாமீன் வழிகாட்டுதலைப் பின்பற்றாத உத்தரப் பிரதேச செஷன்ஸ் நீதிபதி ஒருவரை நீதித்துறைப் பயிற்சிக்கு அனுப்பச் சொன்னது உச்ச நீதிமன்றம். அனுப்ப வேண்டியது உயர் நீதிமன்றம். 235ஆவது பிரிவின்படி கீழமை நீதிமன்றங்களின் கட்டுப்பாடு அதன் கையில்தானே இருக்கிறது? நீதித்துறைச் சுதந்திரம் போய்விட்டது என்கிறார்கள். பாடம் படிக்கப் போனால் சுதந்திரம் போகுமா? எதிரணியில் ஆசிரியர் ஒருவர் இருக்கிறார், அவரே சொல்லட்டும்.

மணி அடித்துவிட்டீர்கள். ஒரு கேள்வியோடு உட்காருகிறேன். 66ஏ பிரிவு செத்த பிறகும் அதில் வாய்தாவுக்கு அலைந்தவருக்கு, "மேல்முறையீடு செய்திருக்கலாமே" என்று தோழி நேரில் சொல்வாரா?