போகி காலையில் பீக் ஃப்ளோ மீட்டர் காட்டிய சரிவு

வணக்கம் நேயர்களே. வழக்கமாக மொட்டைமாடியில் நின்று பேசும் நான் இன்று சன்னல்களைச் சாத்திவிட்டு அறைக்குள் அமர்ந்திருக்கிறேன். விடியற்காலையில் எங்கள் தெருமுனையில் பழைய பாய்களோடு டயர்களையும் சேர்த்துக் கொளுத்திவிட்டார்கள். போகி எனக்குப் பிடித்த பண்டிகை; மேளச் சத்தம் கேட்காத போகியை என்னால் நினைத்துப் பார்க்கவே முடியாது. டயர் எரிப்பதை மட்டும் ஆஸ்துமா உள்ள என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

இருந்தாலும் இன்று எனக்கு ஒரு பெரிய மகிழ்ச்சி. சென்ற காணொளியில் காட்டிய பீக் ஃப்ளோ மீட்டர், அதாவது மூச்சை எவ்வளவு வேகமாக ஊத முடிகிறது என்று அளக்கும் கருவி, இன்று தன் மதிப்பை நிரூபித்துவிட்டது. ஒரு பெரிய மருந்துக்கடையில் இதற்கு 900 ரூபாய் கேட்டார்கள். அதே கருவியை இரண்டு தெரு தள்ளியிருந்த சிறிய கடையில், மாற்று ஊதுகுழலோடு 420 ரூபாய்க்கு வாங்கினேன். மின்கலமோ திரையோ இல்லாத, முள் ஒன்று நகரும் வெறும் பிளாஸ்டிக் குழாய்க்கு 900 ரூபாய் கேட்பது அநியாயம் என்பதை மீண்டும் மீண்டும் சொல்வேன்.

நான் நன்றாக இருக்கும் நாட்களில் இதில் 450 வரை ஊதுவேன். நிமிடத்துக்கு 450 லிட்டர் வேகம் என்பது அதன் பொருள். இன்று காலை 340தான் வந்தது. அப்போது எனக்கு இழுப்பு இல்லை, இருமல்கூட இல்லை. அவரவருடைய சிறந்த அளவில் 80 விழுக்காட்டுக்குக் கீழே இறங்கினால் மஞ்சள் எச்சரிக்கை, 50 விழுக்காட்டுக்குக் கீழே இறங்கினால் உடனே மருத்துவ உதவி வேண்டும். என் 340 மஞ்சளில் விழுந்ததால், மருத்துவர் எழுதிக் கொடுத்த திட்டத்தின்படி ஸ்பேசர் (இன்ஹேலரின் வாயில் பொருத்தும் குழாய்) வைத்து, இழுப்பைத் தணிக்கும் நீல இன்ஹேலரை எடுத்துக்கொண்டேன். சற்று நேரத்தில் 410 ஆயிற்று. ஒன்றைச் சொல்ல விட்டுவிட்டேன்: நின்றுகொண்டு, முள்ளைப் பூச்சியத்துக்குத் தள்ளி, மூச்சை நிறைய இழுத்து, ஒரே வீச்சில் ஊத வேண்டும், மூன்று முறை ஊதி, அவற்றில் அதிகமானதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

டயர் ரப்பரைக் கெட்டிப்படுத்தக் கந்தகம் சேர்க்கிறார்கள். எரியும்போது அது கந்தக டை ஆக்சைடாக வெளியேறி, ஆஸ்துமா உள்ளவர்களின் மூச்சுக்குழாய்த் தசைகளைச் சில நிமிடங்களிலேயே இறுகச் செய்கிறது. கூடவே வரும் பிஎம் 2.5 எனப்படும், 2.5 மைக்ரானும் அதற்குக் குறைவான அளவும் கொண்ட நுண்துகள்கள் நுரையீரலின் காற்றறைகள் வரை இறங்கி அழற்சியைத் தூண்டுகின்றன. ஏற்கெனவே வீங்கியிருக்கும் குழாய் மேலும் வீங்கி, சளியும் சுரந்து, காற்று செல்லும் வழி குறுகிவிடுகிறது. மார்கழிக் குளிரில் தரையருகே உள்ள குளிர்ந்த காற்றை மேலே உள்ள வெப்பமான காற்று மூடிபோல் அழுத்திக்கொள்வதால், புகை கலையாமல் நம் மூக்கின் உயரத்திலேயே தங்குகிறது. 2018ஆம் ஆண்டு போகியன்று சென்னை விமான நிலையத்தில் விமானங்கள் இறங்க முடியாமல் வேறு ஊர்களுக்குத் திருப்பப்பட்டது உங்களில் பலருக்கு நினைவிருக்கும்.

காற்றுத்தரச் செயலிகளில் எனக்கு அறவே பிடிக்காத சொல் ‘திருப்திகரம்’. நம் நாட்டுக் குறியீட்டில் பிஎம் 2.5 ஒரு கனமீட்டருக்கு 60 மைக்ரோகிராம் வரை இருந்தாலும் அந்தச் சொல் வந்துவிடும். உலக சுகாதார நிறுவனம் 2021இல் ஒரு நாளுக்குப் பரிந்துரைத்த அளவோ 15. ஆஸ்துமா உள்ள குழந்தையை அந்தச் சொல்லை மட்டும் நம்பி விளையாட அனுப்பாதீர்கள்.

நீல இன்ஹேலரைப் பற்றிப் பேசியபோதே இதையும் சொல்லியிருக்க வேண்டும். அது இறுகிய தசையைத் தளர்த்துமே தவிர, உள்ளே இருக்கும் அழற்சியைக் குறைக்காது. அதைக் குறைப்பது ஸ்டீராய்டு கலந்த தடுப்பு இன்ஹேலர்தான். இழுப்பு நின்றதும் தாமாகவே அதை நிறுத்திவிட்டதாகப் பலர் எழுதியிருந்தீர்கள்; மருத்துவரைக் கேட்காமல் நிறுத்தாதீர்கள். துணி முகக்கவசம் இந்தத் துகள்களுக்குப் போதாது, என்95 வேண்டும்; அதுவும் புகையிலுள்ள வாயுக்களைத் தடுக்காது என்பதால், வெயில் ஏறிப் புகை கலையும் வரை நான் வெளியே போகப் போவதில்லை. பழைய டயர்களைப் போகிக்கு முன்பே மாநகராட்சி சேகரிக்கிறது. அடுத்த ஆண்டு எங்கள் தெருவின் டயர்களை நானே முன்னதாகக் கேட்டு வாங்கி ஒப்படைக்கப் போகிறேன்.