பாட்டோடு பெயரையும் சேர்த்துத் திருடுகிறார்கள்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்!

தமிழ்ப் பாடல்கள் இணையத்தில் திருடப்படுவதற்குக் காரணம் ரசிகரின் மனமா, நிறுவனங்களின் விலையா என்பது இன்றைய வழக்கு. ரசிகரின் மனமே என்று வாதாட வந்திருக்கிறேன்.

விலைதான் காரணம் என்று முழங்கினார் எதிரணித் தலைவர். எந்த விலை ஐயா? யூடியூபிலும் ஸ்பாட்டிஃபையிலும் பைசா கொடுக்காமல் பாட்டுக் கேட்கலாம். நடுவில் விளம்பரம் வரும், அவ்வளவுதான். விளம்பரத் தொல்லை தாங்கவில்லை என்பவர் திருட்டுத் தளத்துக்குப் போய் என்ன செய்கிறார்? ஒரே பக்கத்தில் நாலைந்து 'டவுன்லோடு' பொத்தான்கள். ஒன்றை அழுத்தினால் சூதாட்டப் பக்கம் திறக்கிறது, இன்னொன்றை அழுத்தினால் ஏதோ செயலியை நிறுவச் சொல்கிறது. அத்தனையையும் பொறுத்துக்கொள்கிறவருக்கு, பாடல்களுக்கு இடையே வரும் அரை நிமிட விளம்பரம் மட்டும் கசக்கிறதா?

இறக்கிய கோப்பைத் திறந்து பாருங்கள். பாடியவர் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் திருட்டுத் தளத்தின் முகவரி. இசையமைத்தவர், எழுதியவர் இடங்களிலும் பல நேரம் அதே முகவரி. என் நெஞ்சு கொதிப்பது இதற்குத்தான். வரிக்கு வரி மெனக்கெட்ட கவிஞரை அழித்துவிட்டு, ஒரு வரிகூட எழுதாதவன் தன் முத்திரையைக் குத்துகிறான்!

"பணமெல்லாம் கம்பெனிக்குத்தானே போகிறது?" என்று அடுத்த கேள்வி. நெடுங்காலம் அப்படித்தான் நடந்தது, மறுக்கவில்லை. அதனால்தான் 2012-ல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தினார்கள். திரைப்பாடல் திரையரங்குக்கு வெளியே பயன்படும்போது வரும் உரிமத்தொகையில் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் சமபங்கு உண்டு. அந்த உரிமையை நிறுவனத்துக்கு எழுதிக் கொடுத்துவிடவும் முடியாது. ஐ.பி.ஆர்.எஸ். என்ற அமைப்பு அந்தத் தொகையை வசூலித்துப் பகிர்கிறது. ஆனால் கணக்கில் ஏறிய பாட்டுக்குத்தானே பங்கு? முறையான தளத்தில் நீங்கள் கேட்டால் அது கணக்கில் ஏறும். திருட்டுக் கோப்பை ஆயிரம் முறை ஓடவிட்டாலும் எழுதியவர் கணக்கில் அது பூஜ்யம். தொகை சிறிதுதான், சிறிதாக இருப்பதாலேயே ஒவ்வொரு கேட்பும் முக்கியம்.

பாட்டு மக்கள் சொத்து என்று பாரதியைத் துணைக்கு அழைத்தார் ஒரு தம்பி. 1949-ல் பாரதி பாடல்களின் உரிமையை அரசு முறைப்படி பெற்று, அவர் குடும்பத்துக்குப் பணமும் கொடுத்த பிறகே அவை பொதுவுடைமை ஆயின. தம்பியின் சான்று எங்கள் அணிக்கே பொருந்துகிறது.

சில அரிய பழைய பாடல்கள் எந்த முறையான தளத்திலும் கிடைப்பதில்லை. அந்தக் குறைக்கு நிறுவனங்களே பொறுப்பு. அந்த அளவுக்கு எதிரணியோடு உடன்படுகிறேன். ஆனால் திருட்டுத் தளங்களின் முகப்பில் குவிந்து கிடப்பவை அந்தப் பழைய பாடல்களா? நேற்று வெளியாகி, யூடியூபில் இலவசமாகவே ஓடிக்கொண்டிருக்கும் பாடல்கள். நடுவர் அவர்களே, அவற்றை இறக்குகிறவருக்கு விலை எங்கே தடையாக நின்றது என்று எதிரணியைக் கேட்டுவிட்டுத் தீர்ப்பு எழுதுங்கள்.